மாயாக்கள் எங்கே போனார்கள்? : ஒரு நாள் சுற்றுலாவை வாசித்தல்

காலை ஆறரைக்கு ஹோட்டல் வாசலில் பஸ் ஏறினோம். இரவு ஏழரைக்கு அதே வாசலில் இறங்கினோம். பதின்மூன்று மணி நேரம். இதில் சிச்சென் இட்சாவின் கற்களுக்கு முன்னால் நின்ற நேரம் இரண்டு மணிக்குச் சற்று மேல். மீதி முழுக்க பஸ், சாப்பாடு, குளியல், கடை. அந்தப் பதின்மூன்று மணி நேரமும் ஒலிபெருக்கி வழியாக எங்கள் காதில் விழுந்துகொண்டே இருந்த வாக்கியங்களின் வினைமுற்றுகளைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. தமிழ் எம்.ஏ. படித்தவனை மெக்சிகோவுக்குக் கூட்டிக்கொண்டு போனாலும் நன்னூலைத்தான் தூக்கிக்கொண்டு வருவான் என்று அக்கா சொன்னாள். சொல்லிவிட்டுப் போகட்டும்.

நான் போனதற்குப் பெரிய காரணம் ஒன்றும் கிடையாது. அக்காவும் அத்தானும் ஹூஸ்டனில் இருக்கிறார்கள். அவர்களைப் பார்க்கப் போன இடத்தில் நான்கு நாள் விடுமுறைக்கு கான்கூன் கடற்கரைக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனார்கள். மூன்று நாள் கடலைப் பார்த்தாயிற்று, நாலாவது நாள் கொஞ்சம் 'கல்ச்சர்' பார்த்துவிடலாம் என்று அத்தான் டிக்கெட் எடுத்தார். அமெரிக்க வெள்ளைக்காரர்கள், ஒரு ஜெர்மானியத் தம்பதி, கனடாவிலிருந்து ஒரு பெரிய குடும்பம், நாங்கள் மூன்று பேர் என்று பஸ் நிறைந்திருந்தது. ஆக, நான் விமர்சிக்கப் போகும் பார்வையில் எனக்கும் ஒரு ஜன்னல் சீட்டு இருந்தது. அதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுவது நல்லது.

வழிகாட்டிக்கு நாற்பது வயதிருக்கும். பஸ் புறப்பட்டதும் தன்னை அறிமுகப்படுத்திக்கொண்டார்: 'நான் நூற்றுக்கு நூறு மாயா. பயப்படாதீர்கள், நாங்கள் இப்போது யாரையும் பலியிடுவதில்லை, டிப்ஸ் கொடுக்காதவர்களைத் தவிர.' பஸ் சிரித்தது. அத்தானும் சிரித்தார், நானும் சிரித்தேன். அதன் பிறகு மாலை வரை அவர் வாயிலிருந்து அந்த 'நாங்கள்' வரவேயில்லை. 'மாயாக்கள் நம்பினார்கள்', 'மாயாக்கள் கணக்கிட்டார்கள்', 'மாயாக்கள் கட்டினார்கள்', கடைசியில் 'மாயாக்கள் மறைந்துபோனார்கள்'. படர்க்கைப் பன்மை, இறந்தகாலம். ஒரு சமூகத்தைப் பற்றிய முழுக் கதையாடலும் இந்த ஒரே வினைமுற்றுக்குள் அடைபட்டிருந்தது.

இங்கே ஆங்கிலத்தின் 'வீ' என்ற சொல்லைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். தமிழில் நாம், நாங்கள் என்று இரண்டு உண்டு. கேட்பவரையும் உளப்படுத்திச் சொல்வது ஒன்று, கேட்பவரை வெளியே நிறுத்திச் சொல்வது இன்னொன்று. ஆங்கிலத்தில் அந்தப் பிரிவு இல்லை. பஸ்ஸில் அவர் 'வீ' என்று சொன்னபோதெல்லாம் பொருள் 'நாம்'தான்: நாம் இப்போது இடப்பக்கம் திரும்புகிறோம், நாம் பன்னிரண்டரைக்குச் சாப்பிடுகிறோம். அந்த 'நாம்' என்பது சுற்றுலாப் பயணிகளின் கூட்டம். மாயாவாகிய அவரும் அதற்குள் ஒரு பயணியாகச் சேர்க்கப்பட்டிருந்தார். 'நாங்கள்' என்று கேட்பவரை விலக்கிப் பேசும் உரிமை ஒரே ஒரு நகைச்சுவைத் துணுக்குக்குள் மட்டும் அனுமதிக்கப்பட்டிருந்தது, அதுவும் காட்டுமிராண்டி வேஷத்தில். இது அந்த மனிதரின் குறை அல்ல. அவருக்கு எழுதிக் கொடுக்கப்பட்ட பிரதி அப்படி. யோஹான்னஸ் ஃபேபியன் 1983இல் வெளியான தன் நூலில் மானுடவியல் பற்றி வைத்த குற்றச்சாட்டு இதுவே. களத்தில் தன்னோடு உட்கார்ந்து பேசிய மனிதரை, எழுத்தில் வேறொரு காலத்துக்குத் தள்ளிவிடுவது. ஒரே பஸ்ஸில் ஒரே குளிர்சாதனக் காற்றை நாங்கள் சுவாசித்துக்கொண்டிருந்தோம். ஆனாலும் அவர் பத்தாம் நூற்றாண்டில், நாங்கள் இருபத்தோராம் நூற்றாண்டில்.

சரி, உண்மையில் எங்கேதான் போனார்கள்? தென்பகுதித் தாழ்நிலத்து நகரங்கள் பல ஒன்பதாம் நூற்றாண்டு வாக்கில் கைவிடப்பட்டன. வறட்சி, போர், அரச அமைப்பின் சரிவு என்று காரணங்கள் பேசப்படுகின்றன. நகரங்களை விட்டார்கள், நிலத்தை விடவில்லை. சிச்சென் இட்சா தழைத்ததே அந்தச் சரிவை ஒட்டியும் அதற்குப் பின்னும்தான். இட்சா மக்களின் கடைசித் தலைநகரம், இன்றைய குவாத்தமாலாவின் ஏரித் தீவில் இருந்த நோஹ்பெத்தென், ஸ்பானியர் கையில் விழுந்தது 1697இல். கொலம்பஸ் வந்து இருநூறு ஆண்டு கழித்து! இன்று மெக்சிகோவில் யுகடான் மாயா மொழி பேசுவோர் மட்டும் ஏழரை லட்சத்துக்கு மேல் (2020 கணக்கெடுப்பு). குவாத்தமாலாவின் 2018 கணக்கெடுப்பில் தங்களை மாயா என்று சொல்லிக்கொண்டவர்கள் அறுபது லட்சத்துக்கும் மேல். மறைந்துபோனவர்களுக்கு இது கொஞ்சம் அதிகமான எண்ணிக்கை.

மறைந்தார்கள் என்ற சொல் எதற்காகத் தேவைப்படுகிறது என்பதுதான் கேள்வி. வீட்டுக்காரர் செத்துப்போய்விட்டார் என்று நிரூபித்தால்தானே வீடு பொதுச் சொத்தாகும், அல்லது முதலில் வந்தவன் சொத்தாகும்?

*

சிச்சென் இட்சாவின் நிலப் பத்திரத்தை வாசித்தால் இது விளங்கும். 1894இல் எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கர் அந்த இடிபாடுகள் அடங்கிய பண்ணையையே விலைக்கு வாங்கினார். யுகடானில் அமெரிக்காவின் தூதரக அதிகாரியாக இருந்தவர். 1904இலிருந்து அங்கிருந்த புனிதக் கிணற்றைத் தூர்வாரும் எந்திரத்தால் அள்ளினார். பச்சைக்கல், பொன், செம்பு, எலும்பு எல்லாம் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தின் பீபடி அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. ஒரு பகுதி மட்டும் பிற்பாடு திரும்பி வந்தது. மெக்சிகோ அரசு அவர்மீது போட்ட வழக்கு அவர் இறந்த பிறகும் நடந்து, 1944இல் உச்ச நீதிமன்றத்தில் அவர் பக்கமே தீர்ந்தது. வாரிசுகளிடமிருந்து நிலம் உள்ளூர்ச் சுற்றுலா முதலாளிக் குடும்பம் ஒன்றின் கைக்கு வந்தது. சட்டப்படி கட்டடங்கள் தேசத்துக்குச் சொந்தம், அவை நிற்கும் மண் தனியாருக்குச் சொந்தம்! யுகடான் மாநில அரசு அந்த மண்ணை 22 கோடி பெசோ கொடுத்து வாங்கியது 2010இல்தான். யுனெஸ்கோ 1988இல் 'மனித குலம் முழுமைக்கும் உரிய பாரம்பரியம்' என்று அறிவித்த இடம் மேலும் இருபத்திரண்டு ஆண்டுகள் ஒரு குடும்பத்தின் பத்திரத்துக்குள்தான் இருந்தது. தூதரக அதிகாரி, முதலாளி, மாநிலம், தேசம், மனித குலம் என்று எல்லோர் பெயரும் இந்த உரிமைப் பட்டியலில் வருகிறது. பக்கத்து ஊரான பிஸ்தேயில் குடியிருப்பவன் பெயர் மட்டும் எங்கும் வரவில்லை.

வழிகாட்டி தாம்சனைப் பற்றிச் சொன்னார், ஒரு சாகசக்காரரைப் பற்றிச் சொல்கிற மாதிரி.

நாங்கள் இடிபாடு என்று பார்த்ததும் இடிபாடு அல்ல. பத்தொன்பதாம் நூற்றாண்டுப் புகைப்படங்களில் அந்தப் பெரிய பிரமிடு, மரமும் புதரும் மண்டிய குன்றாகவே தெரிகிறது. 1920களில் மெக்சிகோ அரசும், சில்வானஸ் மார்லி தலைமையில் அமெரிக்காவின் கார்னகி நிறுவனமும் அங்கே வேலை தொடங்கின. சரிந்த கற்களை அடுக்கி, கலவை பூசி, பிரமிடின் நான்கு முகங்களில் இரண்டை முழுசாகத் திருத்தி நிறுத்தினார்கள். மற்ற இரண்டு முகங்கள் சிதைந்தபடியே இருக்கின்றன. பயணிகள் படம் எடுப்பது திருத்திய பக்கத்தில். அதாவது நாம் காண்பது இருபதாம் நூற்றாண்டில் எழுதப்பட்ட ஒரு பதிப்பு. ஓலைச்சுவடியில் செல்லரித்த இடங்களைப் பதிப்பாசிரியர் ஊகித்து நிரப்புவது போன்றது இது. ஆனால் நம் பதிப்பாசிரியர்கள் அடைப்புக்குறியாவது போடுவார்கள். கல்லில் அடைப்புக்குறி போட முடியாது. அந்தக் கற்களைச் சுமந்து அடுக்கிய கூலிகள் சுற்றுவட்டார மாயா விவசாயிகள். மறைந்துபோன மாயாக்களின் கட்டடத்தை மறையாத மாயாக்கள் திரும்பக் கட்டினார்கள். ஒலிபெருக்கியில் இது வரவில்லை.

மார்லியைப் பற்றி ஒரு தகவல். முதல் உலகப் போர்க் காலத்தில் அவர் தொல்லியல் ஆய்வு என்ற போர்வையில் அமெரிக்கக் கடற்படை உளவுத் துறைக்கு வேலை பார்த்தவர். ஆய்வாளர்கள் உளவு பார்ப்பதை 1919இல் ஃப்ரான்ஸ் போவாஸ் பெயர் சொல்லாமல் அம்பலப்படுத்தியபோது, அமெரிக்க மானுடவியல் சங்கம் கண்டித்தது உளவாளிகளை அல்ல, போவாஸை. அந்தக் கண்டனத்தைச் சங்கம் திரும்பப் பெற்றது 2005இல். அறிவும் அதிகாரமும் பற்றி ஃபூக்கோவை மேற்கோள் காட்டியே பக்கம் நிரப்புகிற நமக்கு இந்த மாதிரி நேரடியான உதாரணங்கள் ஏன் கண்ணில் படுவதில்லை என்று தெரியவில்லை.

பெயர்களையும் பாருங்கள். பெரிய பிரமிடின் பெயர் 'எல் காஸ்தியோ': ஸ்பானிய மொழியில் கோட்டை. இன்னொன்று கன்னிமாடம், வேறொன்று தேவாலயம். வட்ட வடிவ வான்நோக்குக் கட்டடத்துக்கு நத்தை என்று பெயர். படுத்த நிலையில் வயிற்றின்மேல் தட்டேந்தியிருக்கும் சிலையை உலகமே 'சாக் மூல்' என்று சொல்கிறது. 1875இல் அதைத் தோண்டியெடுத்த அகஸ்டஸ் லெ ப்ளோஞ்ஜியோன் தன் கற்பனை இளவரசனுக்கு வைத்த பெயர் அது. வென்றவன் தன் வீட்டுச் சாமான்களின் பெயரையே தோற்றவன் வீட்டுக்கும் வைத்துவிட்டுப் போகிறான்.

*

இந்தச் சாலைக்கும் ஒரு கதை உண்டு. அது பஸ்ஸில் சொல்லப்படவில்லை. தோழர்களுக்குச் சொல்லியாக வேண்டும்.

சிச்சென் இட்சாவுக்கு மோட்டார் வண்டி போகும் சாலையை 1923இல் திறந்துவைத்தவர் ஃபெலிப்பே கர்ரீயோ புவெர்த்தோ. யுகடானின் சோஷலிஸ்ட் ஆளுநர். 1922இல் பதவியேற்றபோது மக்களிடம் மாயா மொழியில் பேசியவர். சணல் போன்ற நார் தரும் ஹெனகென் கற்றாழைத் தோட்டங்களில் கடனடிமைகளாகக் கிடந்த விவசாயிகளைச் சங்கங்களாகத் திரட்டினார், ஊர்களுக்கு நிலம் பிரித்துக் கொடுத்தார். இடிபாடுகளைச் சீர்செய்வது அவர் பார்வையில் அந்த விவசாயிகளுக்கான வேலைதான். இதைக் கட்டியவர்கள் உன் முன்னோர்கள், நீ எவனுக்கும் அடிமையில்லை என்று காட்டுவதற்காக. அந்தச் சாலையில் முதலில் போக வேண்டியவன் விவசாயி என்று அவர் நினைத்தார். அதே ஆளுநர் கார்னகி நிறுவனத்தாரையும் அமெரிக்கப் பத்திரிகையாளர்களையும் வரவேற்றார் என்பதையும் மறைக்க வேண்டாம். அந்த முரண் அவரோடே இருந்தது. 1924 ஜனவரி 3ஆம் தேதி, ராணுவக் கலகக்காரர்கள் அவரையும் அவருடைய சகோதரர்கள் மூவரையும் மேரிதா நகரக் கல்லறைத் தோட்டத்தில் நிறுத்திச் சுட்டார்கள். விவசாயிக்காகப் போட்ட சாலையில் அதற்கப்புறம் சுற்றுலா முதலாளிகளின் வண்டிகள் ஓடின.

ஆக, இறந்தகாலத்தைக் காட்டுவது என்பதே மோசம் என்று நான் சொல்ல வரவில்லை. கர்ரீயோ புவெர்த்தோவும் ஒரு வழிகாட்டிதான். கற்கள் அதே கற்கள். ஆனால் அவர் வாக்கியத்தின் எழுவாய் 'நீங்கள்'. முன்னிலை. கேட்பவனுக்கும் கல்லுக்கும் நடுவே ஒரு உறவை அது கோருகிறது. எங்கள் பஸ்ஸின் வாக்கியமோ அந்த உறவு அறுந்துபோனதை அறிவிக்கிறது. அறுந்தது என்றால்தான் கான்கூன் கடற்கரைக்காரன் கவலையில்லாமல் பார்க்க முடியும்.

கான்கூனே ஒரு நல்ல உதாரணம். 1960களின் இறுதியில் மெக்சிகோவின் மத்திய வங்கி அந்நியச் செலாவணிக்காகத் தேடிப் பிடித்த மணல்திட்டு அது. 1970இல் வேலை தொடங்கி, 1974இல் முதல் ஹோட்டல்கள் திறந்தன. கட்டடம் கட்டவும், அறை பெருக்கவும், பாத்திரம் கழுவவும் உள்நாட்டு மாயா கிராமங்களிலிருந்து ஆட்கள் வந்தார்கள், இன்னும் வருகிறார்கள். தெற்கே நீளும் கடற்கரைக்கு 'மாயா ரிவியேரா' என்று பெயர். காலையில் எங்கள் அறையைப் பெருக்க வந்த பெண் பேசிய மொழி எதுவென்று நாங்கள் கேட்கவில்லை. மாயாவைப் பார்க்க இருநூறு கிலோமீட்டர் பஸ்ஸில் போனோம்.

*

வழியில் வாயதோலித் நகரத்தில் இருபத்தைந்து நிமிடம் நிறுத்தினார்கள். 'அழகான காலனி நகரம், படம் எடுத்துக்கொள்ளுங்கள், ஐஸ்கிரீம் நன்றாக இருக்கும்.' மஞ்சள் வண்ணச் சுவர்கள், தேவாலயம், பூங்கா. அக்கா ஐஸ்கிரீம் வாங்கினாள். நான் அந்தப் பூங்காவைச் சுற்றி வந்தேன்.

1847 ஜூலை 26இல் மாயா தலைவர் மனுவேல் அந்தோனியோ ஆய் தூக்கிலிடப்பட்டது இந்த ஊரில். 'சாதிப் போர்' என்று ஸ்பானிய வரலாறு பெயர் வைத்த மாயா எழுச்சி அதற்கு நாலு நாளில் வெடித்தது. அடுத்த ஆண்டு வாயதோலித் எழுச்சிக்காரர்கள் கையில் விழுந்தது. குடாநாட்டின் பெரும் பகுதி அவர்கள் வசமானது. பின்வாங்கிய பிறகும் கிழக்குக் காட்டில் சான் சாந்தா க்ரூஸ் என்ற தலைநகரத்தை வைத்து, பேசும் சிலுவை ஒன்றின் பெயரால் தனி ஆட்சி நடத்தினார்கள். மெக்சிகோ ராணுவம் அந்த ஊரைப் பிடித்தது 1901இல். பிடிபட்ட மாயாக்களைக் கூபாவின் கரும்புத் தோட்டங்களுக்கு விற்றார்கள். அரை நூற்றாண்டுக்கு மேல் அரசையே எதிர்த்து நின்ற இந்த மக்கள், பஸ்ஸின் கதைப்படி அதற்கு ஆயிரம் ஆண்டுக்கு முன்பே மறைந்துவிட்டார்கள்! சான் சாந்தா க்ரூஸின் இன்றைய பெயர் ஃபெலிப்பே கர்ரீயோ புவெர்த்தோ. அது இருப்பது கான்கூன் இருக்கிற அதே மாநிலத்தில். 2021 மே மாதம் அந்த ஊருக்கு வந்து மாயா மக்களிடம் மன்னிப்புக் கேட்டார் அன்றைய மெக்சிகோ அதிபர் லோபெஸ் ஒப்ரதோர். அதே அதிபர்தான் மாயா நிலத்தின் ஊடாக ஆயிரத்தைந்நூறு கிலோமீட்டர் ரயில் பாதை போட்டு, பூர்வகுடி அமைப்புகள் பலவற்றின் எதிர்ப்பை மீறி 2023 டிசம்பரில் முதல் பகுதியைத் திறந்தார். ரயிலின் பெயரும் மாயா ரயில். மன்னிப்பு, ரயில் இரண்டும் ஒரே பெயரில் வந்தன. ஐஸ்கிரீம் நன்றாகத்தான் இருந்தது.

சுற்றுலா சொல்லாத மாயாக்கள் இவர்கள் என்றால், சுற்றுலா அலுக்காமல் சொல்லும் மாயாக்கள் நரபலிக்காரர்கள். பந்தாட்ட மைதானத்தில் நின்றபோது எங்கள் குழுவில் எழுந்த ஒரே விவாதம், வென்றவனை வெட்டினார்களா தோற்றவனை வெட்டினார்களா என்பது. நரபலி நடந்தது. அதை மறைத்துத் தொல்சமூகத்தைப் பூ வைத்துக் கும்பிடுவது நம் வேலையல்ல. பண்டை அரசுகளின் வன்முறையை எழுதாமல் விட்டால் யாருக்காக எழுதுகிறோம்? ஆனால் 1562இல் மானி என்ற ஊரில் மாயா நூல்களையும் தெய்வ உருவங்களையும் குவித்துக் கொளுத்திய, நூற்றுக்கணக்கானவர்களைச் சித்திரவதை செய்த பாதிரியார் தியெகோ தெ லாந்தா, இதே நரபலியைத்தான் நியாயமாகச் சொன்னார். எரிந்தது போக மிஞ்சிய மாயா நூல்கள் நான்கு. மூன்றுக்கு டிரெஸ்டன், மாட்ரிட், பாரிஸ் என்று அவை இருக்கும் ஊர்களின் பெயர். மெல் கிப்சனின் 2006ஆம் ஆண்டுப் படம் 'அப்போகாலிப்டோ' மாயா மொழியிலேயே பேசி, பிரமிடின் மேலிருந்து தலைகளை உருட்டிவிட்டு, ஸ்பானியக் கப்பல்கள் கரைக்கு வருவதோடு முடிகிறது. மாயா மொழி தெரிந்த கேமராவுக்குக்கூட லாந்தாவின் கண்தான்.

இதே பலிக் குழிகளிலிருந்து வேறொரு பதிலும் வந்தது. 1967இல் புனிதக் கிணற்றுக்கு அருகே ஒரு நிலத்தடி நீர்த்தொட்டியில் நூறு பேருக்கு மேற்பட்டவர்களின் எலும்புகள் கிடைத்தன, பெரும்பாலும் குழந்தைகள். அவர்களில் 64 பேரின் மரபணுவைப் படித்த ஆய்வு 2024இல் 'நேச்சர்' இதழில் வந்தது. அத்தனை பேரும் ஆண்பிள்ளைகள், இரட்டையர்களும் உண்டு. பலியிடப்பட்டவர்கள் கன்னிப் பெண்கள் என்று நூறு ஆண்டாகச் சொல்லிவந்த கதை அந்தத் தொட்டியைப் பொறுத்தவரை பொய். அதே ஆய்வாளர்கள் யுகடானின் திஷ்காகால்துயூப் என்ற ஊரில் இன்று வாழும் மாயா மக்களின் மரபணுவையும் ஒப்பிட்டார்கள். தொடர்ச்சி இருந்தது. ஸ்பானியர் கொண்டுவந்த கொள்ளைநோய்களின் தழும்பும் அந்த மரபணுவில் இருந்தது. எங்கே போனார்கள் என்ற கேள்விக்கு அந்த ஊர்க்காரர்கள் ஊசியில் ரத்தம் கொடுத்துப் பதில் சொல்லியிருக்கிறார்கள். வழிகாட்டியின் பிரதியில் கன்னிப் பெண்கள் இன்னும் கிணற்றில் விழுந்துகொண்டிருந்தார்கள்.

*

பிரமிடின் முன்னால் எல்லோரையும் நிறுத்திக் கைதட்டச் சொன்னார். தட்டினால் படிக்கட்டிலிருந்து கெட்ஸால் பறவை கூவுவது போல எதிரொலி வரும். வந்தது. நாற்பது பேர் வெயிலில் நின்று கல்லைப் பார்த்துக் கைதட்டினோம். 2006க்குப் பிறகு மேலே ஏற விடுவதில்லை. ஆகையால் தட்டுவதும் படம் எடுப்பதும்தான். பக்கத்துக்குத் தொண்ணூற்றொரு படி, நாலு பக்கமும் சேர்த்து உச்சி மேடையையும் கூட்டினால் 365. அத்தான் கணக்குப் போட்டுப் பார்த்து அசந்துபோனார். "மாப்ள, இம்புட்டுக் கணக்காக் கட்டினவன்லாம் எங்கதான்டே போனான்?" என்றார். பிறகு சற்றுக் குரலைத் தாழ்த்தி, "இவங்க நம்ம மயன் வம்சம்னு சொல்லுதாங்களே, நெசமா?"

இந்தக் கேள்வி அத்தானுடையது மட்டுமல்ல. மயன் என்ற நம் புராணத் தச்சனும் மாயாவும் ஒன்று என்று மேடையேறிச் சொன்னவர்கள் உண்டு. கணபதி ஸ்தபதி 1995இல் இந்த நாடுகளுக்கே வந்து பார்த்துவிட்டுப் போய் அப்படித்தான் சொன்னார். இதன் பின்னால் ஒரு சுவாரஸ்யமான வம்சாவளி இருக்கிறது. லாந்தா எழுதிவைத்த குறிப்பிலிருந்த 'மாயா நெடுங்கணக்கை' வைத்துக்கொண்டு, பிரெஞ்சுப் பாதிரியார் பிரசோர் தெ பூர்பூர் மாட்ரிட் சுவடியின் ஒரு பகுதியைத் தப்பும் தவறுமாகப் படித்தார். 'மூ' என்ற நாடு கடலில் அமிழ்ந்தது என்று அதில் எழுதியிருப்பதாகச் சொன்னார். அதை லெ ப்ளோஞ்ஜியோன் எடுத்துக்கொண்டார் (மேலே சொன்ன, சாக் மூலுக்குப் பெயர் வைத்த அதே ஆள்). அவரிடமிருந்து ஜேம்ஸ் சர்ச்வார்ட் எடுத்து 1926இல் மூ கண்டம் பற்றிப் புத்தகமே போட்டார். மூவும் லெமூரியாவும் மேற்கின் மறைஞானப் புத்தகங்களில் கலந்தன. நம் குமரிக்கண்டப் பிரசுரங்களில் அந்த வாடையை இன்றும் முகரலாம். அதாவது ஒரு மாயா நூலைப் படிக்கத் தெரியாமல் படித்ததன் எதிரொலியை, நம் தொன்மைக்குச் சான்று என்று நாம் கைதட்டிக் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

அதே லாந்தா குறிப்பைச் சரியாக வாசித்து, மாயா எழுத்து அசையெழுத்து என்று 1952இல் வழிகாட்டியவர் லெனின்கிராட்டில் உட்கார்ந்திருந்த யூரி க்னோரோசொவ். அதன் பின் கல்லில் இருப்பவை அரசர்களின் பெயர்கள், பிறந்த நாட்கள், போர்கள் என்று தெரிய வந்தது. வரலாறு உள்ள மனிதர்கள், நம்மைப் போல. மயனின் வம்சம் என்று அவர்களைத் தூக்கிக் கொஞ்சுவதும், மறைந்த மர்ம இனம் என்று வியப்பதும் ஒரே வேலையைத்தான் செய்கின்றன. அந்த வரலாற்றை அதன் சொந்தக்காரர்களிடமிருந்து பிடுங்கி நம் அலமாரியில் வைப்பது. ஆதிக்கத்தால் அழிக்கப்பட்ட மொழி, எரிந்த ஏடு என்றெல்லாம் நாம் பேசுகிறோமே, எரித்தவன் தப்பாகப் படித்ததை வைத்தா நாம் பெருமை பேசுவது? அத்தானிடம் இவ்வளவையும் சொல்லவில்லை. "இல்லத்தான், அது சும்மா பேர் ஒத்துப்போறதுதான்" என்றேன். அவருக்கு ஏமாற்றம்தான்.

*

உள்ளே பாதையின் இரு பக்கமும் வியாபாரிகள். மரமுகமூடி, கல் நாள்காட்டி, ஊதினால் ஜாகுவார் உறுமுகிற ஊதல். 'ஒரு டாலர், ஒரு டாலர், கிட்டத்தட்ட இனாம்' என்று ஆங்கிலத்தில் கூவுகிறார்கள். இவர்களிடம் வாங்காதீர்கள், எல்லாம் சீனச் சரக்கு, நாம் நிறுத்தப்போகும் கடையில்தான் உண்மையான மாயா கைவினை கிடைக்கும் என்று பஸ்ஸிலேயே எச்சரித்திருந்தார்கள். (அந்தக் கடையில் கமிஷன் உண்டு என்பதை அத்தான் விலையைப் பார்த்ததுமே சொல்லிவிட்டார்.) இந்த வியாபாரிகளில் பெரும்பாலோர் பிஸ்தேயும் அதைச் சுற்றிய கிராமங்களும். தொல்லியல் வளாகத்துக்குள் அவர்கள் ஆக்கிரமிப்பாளர்கள் என்பது அரசின் நிலை. வெளியேற்றும் முயற்சிகள் பல ஆண்டுகளாக நடந்து வந்திருக்கின்றன. அவர்கள் சொல்வது, இது எங்கள் தாத்தாவின் இடம். டீன் மெக்கானல் 1976இல் சுற்றுலாவைப் பற்றி எழுதியபோது, பயணி தேடுவது அசல் தன்மையை, அவனுக்குக் கிடைப்பது மேடையேற்றப்பட்ட அசல் என்றார். இங்கே அதற்கு மேல் ஒரு படி. மேடையில் இல்லாத அசல் மாயாவே போலி என்று அறிவிக்கப்பட்டு, பயணிகளின் வழியை மறிக்கும் தொல்லையாகிவிடுகிறான்.

அக்கா ஒரு கைக்குட்டைக்குப் பேரம் பேசினாள். விற்ற பெண்ணும் பக்கத்துக் கடைக்காரியும் தங்களுக்குள் ஏதோ பேசினார்கள். ஸ்பானியம் மாதிரி இல்லையே, என்ன பாஷை என்று அக்கா ஜாடையிலும் தெரிந்த நாலு வார்த்தையிலும் கேட்டாள். அந்தப் பெண் சிரித்துக்கொண்டு, "மாயா தான்" என்றாள்.

அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தாள். "ஏல, தமிழ்லயா சொல்லுதா?"

'தஆன்' என்றால் யுகடான் மாயாவில் பேச்சு, மொழி. தொண்டையடைப்போடு வரும் 'த'. தங்கள் மொழிக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயரே அதுதான். இதை வைத்துக்கொண்டு யாரும் சொல்லாராய்ச்சி நூல் எழுதிவிட வேண்டாம் என்று கைகூப்பிக் கேட்டுக்கொள்கிறேன். ஆனால் அந்த நாளில் கேட்ட வாக்கியங்களில் இதற்கு மட்டும் இறந்தகால இடைநிலை கிடையாது என்பதைப் பதிவு செய்யத்தான் வேண்டும்.

நிகழ்காலத்தில் பேசினால் என்ன ஆகும் என்பதற்கும் சான்று உண்டு. சியாப்பாஸ் மாநிலத்தில், குவாத்தமாலா எல்லை ஓரம், சின்குல்டிக் என்றொரு மாயா தொல்நகரம். 2008 செப்டம்பரில் பக்கத்து ஊரின் பூர்வகுடி விவசாயிகள் அதன் நுழைவாயிலைத் தங்கள் பொறுப்பில் எடுத்துக்கொண்டார்கள். அரசு இதைக் கவனிக்கவில்லை, நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், நுழைவுக் கட்டணம் ஊருக்கு வரட்டும் என்றார்கள். பிரமிடை இடிக்கவில்லை, டிக்கெட் கவுண்டரில் போய் உட்கார்ந்தார்கள், அவ்வளவுதான். அக்டோபர் 3ஆம் தேதி போலீஸ் வந்தது. ஆறு விவசாயிகள் செத்தார்கள். எல்லைக்கு அந்தப் பக்கம் குவாத்தமாலாவில் 1960 முதல் 1996 வரை நடந்த உள்நாட்டுப் போரில் செத்தவர்களும் காணாமல் ஆக்கப்பட்டவர்களும் இரண்டு லட்சத்துக்கு மேல். அடையாளம் காணப்பட்ட பலியாட்களில் நூற்றுக்கு 83 பேர் மாயா என்று உண்மை ஆணையம் 1999இல் எழுதியது. திக்கால் பிரமிடுகளுக்கும் நாள்தோறும் சுற்றுலா போகிறது. மாயாக்கள் எங்கே போனார்கள் என்று அங்கேயும் யாராவது ஒரு அத்தான் கேட்டுக்கொண்டுதான் இருப்பார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் பாதிப் பேர் தூங்கிவிட்டார்கள். ஒலிபெருக்கியை அணைத்துவிட்டு வழிகாட்டி எங்கள் முன்சீட்டில் வந்து உட்கார்ந்தார். சாலையோரம் எரித்துத் திருத்திய காட்டுத் துண்டில் மக்காச்சோளம் நின்றது. அதைக் காட்டி, யாரிடம் என்றில்லாமல் சொன்னார்: "எங்க அப்பா இப்பவும் இப்படித்தான் போடுகிறார். மக்காச்சோளம், பீன்ஸ், பூசணி, மூணும் சேர்த்து." மழை எப்படி என்று கேட்டேன். முன்ன மாதிரி இல்லை என்றார். நிலம் யார் பேரில் என்று கேட்டேன். ஊர்ப் பொது நிலம், 1992இல் சட்டத்தை மாற்றிய பிறகு விற்கலாம் என்று ஆகிவிட்டது, கடற்கரைப் பக்கமிருந்து வாங்க வருகிறார்கள், அப்பா மாட்டேன் என்கிறார், தம்பி விற்கலாம் என்கிறான். நீங்கள்? அவர் சிரித்தார். 1994 புத்தாண்டு நாளில் சியாப்பாஸில் ஜபதிஸ்தாக்கள் ஆயுதம் தூக்கியதற்கு அந்தச் சட்டத் திருத்தமும் ஒரு காரணம் என்று அவரிடம் நான் விளக்கத் தொடங்கியிருந்தால் அதைவிட அபத்தம் இருந்திருக்காது. பேசாமல் இருந்தேன்.

இறங்கும்போது கருத்துப் படிவம் கொடுத்தார்கள். வழிகாட்டி எப்படி, சாப்பாடு எப்படி, பஸ் எப்படி. அத்தான் எல்லாவற்றுக்கும் ஐந்து போட்டார். டிப்ஸ் கொடுத்துவிட்டு, மாயாவில் நன்றிக்கு என்ன சொல்வீர்கள் என்று கேட்டேன். "தியோஸ் போஓதிக்" என்றார். தியோஸ் ஸ்பானியம், மிச்சம் மாயா. கடவுள் அந்தக் கடனை அடைப்பார் என்று பொருளாம். பிறகு ஓட்டுநரிடம் அவர்கள் மொழியில் ஏதோ சொல்லிவிட்டு, ஊருக்குப் போகும் கடைசி வேனைப் பிடிக்கச் சாலையைக் கடந்து ஓடினார்.